ஆக்‌ஷன் படத்தைக் கலாய்க்கும் கார்ட்டூன் எபிசோடு எடுப்பது எப்படி: ஒரு தூக்கு, ஒரு மொபெட், கடலூர் சாலை

உங்களிடம் ஒரு குடும்பக் கார்ட்டூன் தொடர் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். புதுச்சேரி முத்தியால்பேட்டையில் ஒரு மாடி வீடு, அப்பா, அம்மா, கல்லூரிக்குப் போகும் அக்கா, எட்டாவது படிக்கும் தம்பி, எல்லோரையும் ஓட்டிக்கொண்டே இருக்கும் ஆயா. நாலைந்து எபிசோடு ஓடியதும் கூட இருக்கும் யாராவது ஒருத்தர் கட்டாயம் சொல்வார், அடுத்தது ஒரு ஆக்‌ஷன் படம் மாதிரி பண்ணலாம்டா என்று. எல்லோரும் குதிப்பார்கள். ஒரே வாரத்தில் ஸ்கிரிப்ட் தயாராகிவிடும். அப்பா ஒரு குத்து விடுவார், பத்து பேர் பறப்பார்கள், அதில் ஒருத்தன் சாணியில் விழுவான், அதோடு முடிந்தது.

அது சிரிப்பு வராது. தமிழ்ப் படத்தில் பத்து பேர் ஏற்கெனவே பறந்துகொண்டுதான் இருக்கிறார்கள், ஜனங்கள் காசு கொடுத்துப் பார்த்து விசிலும் அடித்துவிட்டார்கள். அதையே நீங்கள் இன்னும் மோசமாக வரைந்து காட்டினால் அது கலாய்ப்பு ஆகாது, மலிவுப் பதிப்பு. நான் சொல்வது ஒரே விஷயம்: ஆக்‌ஷன் முழு சீரியஸாக இருக்க வேண்டும், அதற்கான காரணம் மட்டும் படு அற்பமாக இருக்க வேண்டும். ஹீரோ காமெடி செய்யக் கூடாது, கேமரா கண்ணடிக்கக் கூடாது, பின்னணி இசை நக்கல் பண்ணக் கூடாது. எல்லோரும் உயிரைக் கொடுத்து நடிக்கிறார்கள், ஆனால் எதற்காக என்றால் ஒரு தூக்குக்காக.

ஆமாம், எவர்சில்வர் தூக்கு. இந்தக் கட்டுரை முழுக்க அதையே உதாரணமாக வைத்துக்கொள்கிறேன். ஆயாவின் பெயர் வெட்டிய தூக்கு அது. போன பொங்கலுக்கு மீன் குழம்பு ஊற்றிக் கடலூர் மஞ்சக்குப்பத்தில் இருக்கும் அத்தை வீட்டுக்குக் கொடுத்தனுப்பியது இன்னும் திரும்பி வரவில்லை. ஆயா மூன்று வேளையும் அதையே பேசுகிறார். அப்பா கிளம்புகிறார். கதை அவ்வளவுதான். பாத்திரத்தில் பெயர் வெட்டும் பழக்கம் நமக்கு இருப்பதால் இந்தக் கதைக்கு வேண்டியது எல்லாமே அதில் இருக்கிறது: அடையாளம், ஆதாரம், பரம்பரை, மானப் பிரச்சினை. ஆக்‌ஷன் படத்தில் ஹீரோ கழுத்தில் தொங்கும் பாதி டாலர் செய்யும் வேலையை இங்கே தூக்கின் அடியில் இருக்கும் எழுத்து செய்யும்.

காரணம் தேர்ந்தெடுக்கும்போது ஒன்றைப் பாருங்கள். அற்பம் என்றால் யாருக்குமே அக்கறை இல்லாத விஷயம் என்று அர்த்தமில்லை. வீட்டில் ஒருத்தராவது அதற்காக ராத்திரி தூங்காமல் இருக்க வேண்டும். காணாமல் போன ரப்பர் பேண்டு உதவாது. திரும்பி வராத பாத்திரம், கல்யாணப் பத்திரிகையில் விட்டுப்போன பெயர், மாடிக் குழாயில் தண்ணீர் பிடிக்கும் முறை, இதெல்லாம் உதவும். வெளியாளுக்குச் சிரிப்பு, உள்ளே இருப்பவருக்கு நெஞ்சுவலி.

அடுத்து, வழக்கமான சமாச்சாரங்களைப் பட்டியல் போடுங்கள். ஒரு குறிப்பிட்ட படத்தை எடுத்துக்கொண்டு காட்சிக்குக் காட்சி கிண்டல் செய்வது எளிது, ஆனால் அந்தப் படம் பார்க்காதவனுக்கு ஒன்றும் புரியாது, இரண்டு வருஷம் போனால் பார்த்தவனுக்கே மறந்துவிடும். ஆக்‌ஷன் படம் என்கிற வகையையே எடுங்கள். அறிமுகத்தில் முதலில் ஷூ, அப்புறம் கைக்காப்பு, கடைசியில் முகம். வேலையை விட்டு ஒதுங்கிப்போன கிழவரைக் கடைசி ஒரு வேலைக்காகத் தேடிப் போவது. டைம் பாம், சிவப்பு ஒயரா நீல ஒயரா. சந்தைக்குள் துரத்தல், பழவண்டி கவிழ்வது. பின்னால் வெடிக்க, திரும்பிப் பார்க்காமல் நடப்பது. சுடுகிற தூரத்தில் நின்றுகொண்டு சுடாமல் கதை சொல்லும் வில்லன். எல்லாம் முடிந்த பிறகு வரும் போலீஸ். இதில் ஐந்தாறு போதும். எட்டு நிமிஷ எபிசோடில் இருபதைத் திணித்தால் எதுவுமே மூச்சு விடாது.

எட்டு நிமிஷம் என்று ஏன் சொல்கிறேன்? அமெரிக்கத் தொலைக்காட்சியில் அரை மணி நேரக் கார்ட்டூன் சிட்காம், அதாவது ஒரே குடும்பத்தைச் சுற்றி வாராவாரம் வரும் நகைச்சுவைத் தொடர் என்றால் விளம்பரம் போக சுமார் 22 நிமிஷம். அது பெரிய பட்டாளம் வைத்துச் செய்கிற வேலை. கணக்குப் போட்டுப் பாருங்கள். நொடிக்கு 24 பிரேம். 22 நிமிஷம் என்றால் 31,680 பிரேம். ஒவ்வொரு படத்தையும் இரண்டு பிரேம் நிறுத்தி வைக்கும் வழக்கப்படி செய்தாலும் 15,840 படம். எட்டு நிமிஷம் என்றால் 11,520 பிரேம், 5,760 படம். கை, கால், தலை தனித்தனியாக வெட்டி ஒட்டிய பொம்மை மாதிரி ரிக் செய்துவிட்டால் அத்தனையும் வரைய வேண்டியதில்லை, இருந்தாலும் நகர்த்த வேண்டும். இந்தக் கணக்கைச் சுவரில் ஒட்டிவைத்துக்கொண்டு ஸ்கிரிப்ட் எழுதுங்கள், கூட்டக் காட்சி எழுதும் கை தானாக நின்றுவிடும்.

கதாபாத்திரங்களை ஊரிலிருந்தே எடுங்கள்

வெளிநாட்டுப் படத்தில் வரும் ஓய்வுபெற்ற கமாண்டோவுக்கு நாம் எங்கேயும் அலைய வேண்டாம். புதுச்சேரியில் பிரெஞ்சு ராணுவத்தில் இருந்துவிட்டு வந்த சொல்தா தாத்தாக்கள் நிஜமாகவே இருக்கிறார்கள், மாதம் பிறந்தால் பிரான்சிலிருந்து பென்ஷன் வருகிறது, ஜூலை 14 அன்று மெடல் குத்திக்கொண்டு நிகழ்ச்சிக்குப் போவார்கள். ஆகவே பக்கத்து வீட்டுச் சொல்தா தாத்தாதான் உங்கள் கமாண்டோ. அப்பா அவரைத் தேடிப் போகும் காட்சியில் அவர் வேப்ப மரத்தடியில் முதுகைக் காட்டி உட்கார்ந்திருக்கிறார். திரும்பாமலே, "நான் அதெல்லாம் விட்டு ரொம்ப நாளாச்சுப்பா" என்கிறார். கேமரா மெதுவாகச் சுற்றி வருகிறது. அவர் விட்டது சர்க்கரை போட்ட காபி. இங்கேயும் அவர் முகம் கல் மாதிரி இருக்க வேண்டும். ஒரு விஷயத்தில் கவனம்: அந்த மனிதர்களின் சண்டையையோ காயத்தையோ கேலிப் பொருளாக்க வேண்டாம். கேலி படத்தின் வழக்கத்தைத்தான், அவர்களை இல்லை. ஊரில் பார்த்துவிட்டு அவர் வீட்டுப் பேரன் சிரிக்க வேண்டும், அதுதான் அளவு.

போலீசுக்கும் அப்படித்தான். புதுச்சேரிக் கான்ஸ்டபிளின் சிவப்புத் தொப்பி வரைகிறவனுக்குக் கிடைத்த வரம். போன் திரையில் விரல் நக அளவுக்குத் தெரிந்தாலும் அது யார் என்று புரியும். தொப்பி சிவப்பாக இருந்தால் புதுச்சேரி, மாறினால் தமிழ்நாடு. ஒரு வசனமும் வேண்டாம்.

உலகம் சுற்றும் உளவாளிப் படங்களில் திரையின் மூலையில் ஊர்ப் பெயர் தட்டச்சு சத்தத்தோடு வருமே, அதற்கும் இங்கே தீனி இருக்கிறது. புதுச்சேரி யூனியன் பிரதேசமே நாலு துண்டு: புதுச்சேரி, நாகப்பட்டினத்தை ஒட்டிக் காரைக்கால், கேரளத்தை ஒட்டி மாஹே, ஆந்திரத்தை ஒட்டி ஏனாம். ஒரே ஆபீஸ் கோப்பைத் தேடி ஹீரோ மூன்று மாநிலம் கடக்கலாம், எல்லா இடத்திலும் "நேத்துதான் புதுச்சேரிக்கு அனுப்பிட்டோம்" என்று சொல்வார்கள். இதை வேறு எபிசோடுக்கு வைத்துக்கொள்ளுங்கள், தூக்குக் கதையில் நுழைக்காதீர்கள்.

முக்கியமான ஒன்று: குடும்பத்தில் யாருடைய குணமும் மாறக் கூடாது. வழக்கமாகப் பயந்தாங்கொள்ளியாக இருக்கும் அப்பா திடீரென்று வீரனாகிவிட்டால் அது உங்கள் தொடரே இல்லை. அவர் அதே பயந்தாங்கொள்ளி, ஒருவழிப் பாதையில் எதிரே போகாதவர், ஹெல்மெட் பட்டையை இரண்டு தடவை இழுத்துப் பார்க்கிறவர். அவரைச் சுற்றியுள்ள ஒளி, இசை, கோணம் மட்டும் அவரை வேறு ஆளாக நினைத்துக்கொண்டிருக்கிறது. சிரிப்பு அந்த இடைவெளியில்தான் இருக்கிறது.

துரத்தல் காட்சி

இதில் கொஞ்சம் நிதானமாக நிற்கலாம், ஏனென்றால் எபிசோடின் முதுகெலும்பே இதுதான்.

புதுச்சேரியிலிருந்து கடலூர் இருபத்துச் சொச்சம் கிலோமீட்டர்தான், ஆனால் நடுவில் எல்லை ஒரு தடவை வந்து போவதோடு நிற்பதில்லை. முருங்கப்பாக்கம், அரியாங்குப்பம், தவளக்குப்பம் வரை புதுச்சேரி. ரெட்டிச்சாவடிப் பக்கம் தமிழ்நாடு. அப்புறம் கிருமாம்பாக்கம், கன்னியக்கோவில் என்று திரும்பவும் புதுச்சேரி. முள்ளோடை தாண்டினால் மறுபடி தமிழ்நாடு. எல்லை தாண்டித் தப்பிக்கும் காட்சிக்கு மற்றவர்கள் எங்கெங்கோ போகிறார்கள், நமக்கு டவுன் பஸ் போகும் பாதையிலேயே கிடைக்கிறது.

அப்பா மொபெட்டில் போகிறார். அரியாங்குப்பம் தாண்டியதும் கண்ணாடியில் ஒரு பைக். இரண்டு பையன்கள். பின்னால் இருப்பவன் கையை நீட்டி என்னவோ காட்டுகிறான். அப்பாவுக்கு உறைக்கிறது: அத்தை அனுப்பிய ஆட்கள்! ஆக்சிலரேட்டரை முறுக்குகிறார், முள் நாற்பதில் நடுங்குகிறது. பையன்களும் விடுவதாக இல்லை. டீக்கடை வாசலில் நிற்பவர்கள் கையைத் தூக்கிக் கத்துகிறார்கள், பஸ் ஜன்னலிலிருந்து ஒரு அம்மா கத்துகிறார், எதிரே வரும் லாரிக்காரர் லைட்டைப் போட்டுப் போட்டுக் காட்டுகிறார். ஊரே அத்தையின் ஆட்கள். சிவப்புத் தொப்பிக் கான்ஸ்டபிள் ஒருத்தரும் பைக்கை எடுத்துக்கொண்டு பின்தொடர்கிறார், தமிழ்நாட்டு எல்லைக் கல்லுக்கு முன்னால் சரக்கென்று பிரேக் போட்டு நின்றுவிடுகிறார், அந்தப் பக்கம் வேறு தொப்பி போட்டவர் வண்டியை உதைக்கிறார். அடுத்த எல்லையில் திரும்பவும் சிவப்புத் தொப்பி. இதெல்லாம் முழு வேகத்தில், முழு இசையோடு, துளிச் சிரிப்பில்லாமல் நடக்க வேண்டும். கடைசியில் முள்ளோடை அருகே பையன்கள் பக்கவாட்டில் வந்துவிடுகிறார்கள். இசை சட்டென்று அறுகிறது. பையன் சொல்கிறான்:

"அண்ணே... ஸ்டாண்டு."

கட். சைடு ஸ்டாண்டு தார்ச்சாலையில் தீப்பொறி பறக்க இழுபட்டுக்கொண்டிருக்கிறது.

இதை எழுதும்போது பார்வையாளனுக்கு முன்கூட்டியே ஸ்டாண்டைக் காட்டலாமா என்று ஒரு சந்தேகம் வரும். காட்டலாம், ஆனால் ஒரே ஒரு ஷாட்டில், மூலையில், யாரும் கவனிக்காத மாதிரி. வீட்டு வாசலில் அவர் கிளம்பும் அகலமான ஷாட்டில் ஸ்டாண்டு கீழே இருக்கட்டும். இரண்டாவது தடவை பார்க்கிறவன் அதைக் கண்டுபிடித்து நண்பனுக்கு அனுப்புவான்.

இதே சாலையில் இன்னொரு பரிசு, கடலூர் நுழைவில் ஆல்பேட்டை செக்போஸ்ட். புதுச்சேரிப் பக்கமிருந்து வருகிறவர்களிடம் பாட்டில் இருக்கிறதா என்று சோதிப்பது ஊரறிந்த விஷயம். அப்பா பையில் இருப்பது அத்தைக்கு அம்மா கொடுத்தனுப்பிய வடகம். அணு ஆயுதம் கடத்துகிறவன் மாதிரி வியர்த்துக் கொட்டுகிறது. போலீஸ்காரர் பையைத் திறந்து, மோந்து பார்த்து, ஒரு நீண்ட மௌனத்துக்குப் பிறகு, "தாளிச்சதா, தாளிக்காததா?" என்கிறார். அந்த மௌனம் குறைந்தது மூன்று நொடி இருக்கட்டும். கார்ட்டூனில் மௌனம் இலவசம், ஒரே படத்தை 72 பிரேம் நிறுத்தி வைத்தால் ஆயிற்று. நம்மவர்கள் ஏனோ அதற்குத்தான் பயப்படுகிறார்கள்.

சந்தைத் துரத்தல் வேண்டும் என்றால் புதுச்சேரி மகாத்மா காந்தி வீதியில் ஞாயிற்றுக்கிழமைச் சந்தை இருக்கிறது. ஆனால் கவிழ்வது பழவண்டியாக இருந்தால் அது பழைய சங்கதி. பண்ருட்டிப் பலாப்பழ வண்டியில் அப்பா மோதட்டும். பழத்துக்கு ஒன்றும் ஆகாது.

வீட்டில் ஒரு வெடிகுண்டு

சிட்காமுக்கு இரண்டாவது கதை ஒன்று கீழே ஓடிக்கொண்டிருக்க வேண்டும், மூச்சு வாங்க இடம் தரும். அம்மா பக்கத்துத் தெரு வரைக்கும் போகிறார். தம்பியிடம், "மூணு விசில் வந்தா அடுப்ப நிறுத்திடு." அவ்வளவுதான். தம்பி போனில் இருக்கிறான். விசில் ஒன்று. கேம். விசில் இன்னொன்று. திடுக்கிட்டு நிமிர்கிறான். இது இரண்டாவதா மூன்றாவதா?

இங்கே டைம் பாம் காட்சியின் ஒவ்வொரு கோணத்தையும் கடன் வாங்குங்கள். குக்கர் வெயிட் நடுங்குவது திரை முழுக்க. நெற்றியில் ஒரு சொட்டு வியர்வை உருண்டு புருவத்தில் நிற்பது. அடுப்பில் இரண்டு பர்னர், இரண்டு குமிழ். இடதா, வலதா? கை இடது பக்கம் போகிறது, பின்வாங்குகிறது. போனை எடுத்து அப்பாவுக்கு அடிக்கிறான், அவரோ துரத்தலின் உச்சத்தில், தோளில் போனை இடுக்கிக்கொண்டு. "அப்பா, ரெண்டா மூணா?" "யாருடா சொன்னது ரெண்டு பேர்னு? ஊரே வருதுடா!" இரண்டு கதையும் இந்த ஒரு போனில் முட்டிக்கொள்கிறது. அப்பாவே போன் பேசிக்கொண்டு வண்டி ஓட்டுகிறவர் இல்லையே என்று யோசித்தால் ஆயாவின் பழைய ஸ்பீக்கரை ஹேண்டில்பாரில் கட்டிவிடுங்கள், உங்கள் இஷ்டம்.

அப்புறம் ஆயா உள்ளே வருகிறார், அடுப்பை அணைக்கிறார், தம்பியைப் பார்க்காமலே வெளியே போகிறார். இசை கிடையாது. ரப்பர் செருப்புச் சத்தம் மட்டும்.

வரைகிற பாடு

கேமராவில் ஸ்லோமோஷன் எடுப்பது சுலபம், அதிக வேகத்தில் பதிவு செய்து மெதுவாக ஓட்டினால் போதும். கார்ட்டூனில் மெதுவான அசைவுதான் செலவு அதிகம், ஏனென்றால் நடுவில் வரும் படங்கள் கூடிக்கொண்டே போகும், ஒன்று பிசகினாலும் நடுக்கம் தெரியும். அதனால் அப்பா வேட்டி கட்டி நடந்து வரும் ஸ்லோமோஷனில் உடம்பை ஒரே படத்தில் நிறுத்துங்கள். வேட்டி நுனி, முன் தலையில் மிச்சமிருக்கும் நாலு முடி, தூசி, பின்னால் மெதுவாக நகரும் சுவர், இவை மட்டும் அசையட்டும். முன்னால் ஒரு அடுக்கு, நடுவில் ஆள், பின்னால் இரண்டு அடுக்கு, ஒவ்வொன்றும் வெவ்வேறு வேகத்தில் நகர்ந்தால் கண் ஏமாந்துவிடும்.

மாறாக, வெடிப்பு மலிவு. ஒரு பிரேம் வெள்ளை, அதன்பிறகு எட்டுப் பத்துப் படத்தில் நெருப்பும் புகையும், பின்னணியை ஏழெட்டுப் பிரேம் மேலும் கீழும் ஆட்டினால் போதும். நம் கதையில் வெடிப்பது என்ன? கோயில் திருவிழா வாணவேடிக்கை. அப்பா திரும்பிப் பார்க்காமல் நடக்கிறார், உண்மையில் காதில் பஞ்சு. இன்னொரு தமாஷும் இருக்கிறது. ஒலி நொடிக்குச் சுமார் 340 மீட்டர்தான் போகும். ஒரு கிலோமீட்டர் தள்ளி வெடித்தால் சத்தம் கிட்டத்தட்ட மூன்று நொடி கழித்துத்தான் வரும், படங்களில் யாரும் இதை மதிப்பதில்லை. நீங்கள் மதியுங்கள். அப்பா ஸ்டைலாக நடந்து, கண்ணாடி போட்டு, வண்டியில் ஏறி உட்கார்ந்த பிறகு சத்தம் வந்து அவரைத் தூக்கிப் போடட்டும்.

ஆனால் வெளிச்சம் விட்டு விட்டு அடிப்பதில் விளையாடாதீர்கள். 1997 டிசம்பரில் ஜப்பானில் ஒரு கார்ட்டூன் தொடரில் சிவப்பும் நீலமும் வேகமாக மாறி மாறி அடித்த காட்சியால் 685 பேர், பெரும்பாலும் பிள்ளைகள், ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். நொடிக்கு மூன்று தடவைக்கு மேல் பளிச்சிட வேண்டாம் என்பது பொதுவான பாதுகாப்பு வரம்பு. துப்பாக்கிச் சூடோ வாணவேடிக்கையோ எதுவானாலும் இதற்குள் அடக்குங்கள்.

துரத்தலைப் புதுச்சேரியின் பழைய பிரெஞ்சுப் பகுதியான வெள்ளை நகரத் தெருக்களில் தொடங்கினால் வேலை பாதியாகும். நேர் நேராக ஓடும் வீதிகள், மஞ்சள் சுவர், வெள்ளைப் பட்டி, போகன்வில்லா. மூன்று சுவர் வரைந்து மாற்றி மாற்றி ஓட்டினால் ஒருத்தருக்கும் தெரியாது, தெரிந்தாலும் சுற்றுலா வருகிறவர்களே அங்கே எந்தத் தெருவில் இருக்கிறோம் என்று தெரியாமல்தான் சுற்றுகிறார்கள். கடற்கரைச் சாலையை வைத்தால் நேரத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள், சாயங்காலம் 6 மணிக்கு மேல் அங்கே வண்டி விடமாட்டார்கள். அப்பா மொபெட்டை நிறுத்திவிட்டு நடந்து துரத்தப்படலாம், துரத்துகிறவர்களும் வண்டியைப் பூட்டிவிட்டு வரட்டும். நம்பர் பிளேட்டிலும் கவனம்: இங்கே பிஒய் 01, கடலூர் டிஎன் 31. அதைத் தப்பாகப் போட்டால் கமெண்டில் முதல் ஆளாக உங்கள் சித்தப்பாவே வருவார்.

மென்பொருளுக்குக் காசு செலவழிக்க வேண்டியதில்லை. பிளெண்டரில் படம் வரைந்து அசைக்க கிரீஸ் பென்சில் என்ற கருவி இருக்கிறது. 2016-ல் இலவசமாக வெளிவந்த ஓப்பன்டூன்ஸ் இருக்கிறது, ஜப்பானின் கிப்லி ஸ்டூடியோ பயன்படுத்திய மென்பொருளின் வழியில் வந்தது. படம் வரைய கிரிட்டா, குரலுக்கு ஆடாசிட்டி. எதில் கை ஓடுகிறதோ அதில் செய்யுங்கள்.

குரலும் சத்தமும்

குரல் முதலில், படம் அப்புறம். இதில் சமரசமே வேண்டாம். படத்தை அசைத்துவிட்டுக் குரலைப் பொருத்தப் பார்த்தால் டப்பிங் படம் மாதிரித்தான் இருக்கும். ராத்திரி பத்து மணிக்கு மேல், ஃபேனை நிறுத்தி, கட்டிலுக்கும் பீரோவுக்கும் நடுவில் போர்வை கட்டி உட்கார்ந்து பேசுங்கள். வேர்க்கும். ஆயாவுக்குக் குரல் கொடுக்க நிஜ ஆயா ஒருவர் கிடைத்தால் ஸ்கிரிப்டைக் கையில் கொடுக்காதீர்கள், நிலைமையைச் சொல்லிவிட்டுப் பேச விடுங்கள், நீங்கள் எழுதியதைவிட நன்றாகத்தான் வரும்.

வாய் அசைவுக்கு ஆறு வடிவம் இருந்தாலே ஒப்பேற்றலாம். தமிழில் கண் பிடிப்பது உதடு மூடும் இடத்தைத்தான்: ப, ம. "அம்மா", "அப்பா" என்று சொல்லும்போது உதடு மூடாவிட்டால் உடனே பொய் தெரியும், அதுவும் நம் எபிசோடில் பாதி வசனம் அதுதான். இரட்டை எழுத்து என்பதால் மூடிய வாயை இரண்டு மூன்று பிரேம் கூடுதலாகவே நிறுத்துங்கள். வ வந்தால் மேல்பல் கீழுதட்டில் பட வேண்டும். ஆ, ஈ, ஓ மூன்றும் தெளிவாகப் பிரிந்து தெரிந்தால் மற்றதைக் காது நிரப்பிக்கொள்ளும். மீசை அடர்த்தியாக வைத்தால் இன்னும் சௌகரியம், சொல்தா தாத்தாவுக்கு அதற்காகவே பெரிய மீசை.

சண்டைச் சத்தத்துக்குச் சமையலறைக்குப் போங்கள். ஈரத் துண்டை மடித்துச் சுவரில் அடித்தால் குத்து. முருங்கைக்காயை மைக் அருகில் ஒடித்தால் எலும்பு. தாம்பாளத்தை லேசாகத் தட்டிக் கையால் அடக்கினால் கத்தி உருவுகிற சத்தம். சினிமா பின்னணி இசையை மட்டும் எடுக்காதீர்கள். இந்தியாவில் 1957-ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டம் 52-ஆம் பிரிவில் விமர்சனத்துக்காக நியாயமாகப் பயன்படுத்த இடம் கொடுக்கிறது, பகடி என்று தனியாகப் பெயர் சொல்லி அதில் எதுவும் இல்லை. வாதாடலாம்தான், ஆனால் யூடியூபின் தானியங்கிக் கண்டுபிடிப்பு உங்கள் வாதத்தைக் கேட்டுக்கொண்டிருக்காது, பாட்டை அடையாளம் கண்டதும் வீடியோவின் வருமானமோ வீடியோவோ போகும். வகையைத்தான் கலாய்க்கிறீர்கள், வசனமும் இசையும் சொந்தமாக இருந்தால் இந்தத் தலைவலியே கிடையாது. பறையோ உருமியோ வாசிக்கத் தெரிந்த ஒருத்தர் ஊரில் கட்டாயம் இருப்பார், அரை மணி நேரம் வாசித்து வாங்கி, அதையே மூன்று வேகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். அவருக்குக் காசு கொடுத்துவிடுங்கள்.

வில்லி பேச வேண்டிய நேரம்

கிளைமாக்ஸ். மஞ்சக்குப்பம், மாடி வீடு, மூன்றாம் படியில் அத்தை நிற்கிறார், பின்னால் மின்விளக்கு, முகம் இருட்டில். இங்கே ஊஞ்சல் வைத்திருந்தால் அதுதான் சிம்மாசனம். வில்லன் நீளமாகப் பேசும் வழக்கத்துக்கு இங்கே நிஜக் காரணம் இருக்க வேண்டும், வெறும் நையாண்டியாக விட்டால் கதை தொங்கும்.

"அண்ணே, தூக்க நான் மறந்துட்டேன்னு நெனச்சியா? பொறந்த வீட்டுப் பாத்திரத்த காலியா திருப்பி அனுப்புவேனா நானு? மொத மாசம் முறுக்கு சுட்டேன், கருகிடுச்சு. அடுத்த மாசம் அதிரசம், வெல்லம் சரியில்ல. இப்ப முந்திரி வந்திருக்கு, சீசன்."

அப்பா துப்பாக்கி முனையில் நின்றவர் மாதிரி கையைத் தூக்கியபடியே நிற்கிறார். இத்தனை ஆர்ப்பாட்டத்துக்கும் காரணமான தாமதம் ஒரு மரியாதைக்காகத்தான் நடந்திருக்கிறது. ஆக்‌ஷன் படத்தில் வில்லன் சாவான், சிட்காமில் யாரும் சாக முடியாது, அடுத்த வாரம் வர வேண்டுமே. எல்லாம் பழையபடி ஆகிவிட வேண்டும் என்பது இந்த வகையின் விதி, அதனால் முடிவில் தூக்கு வீட்டுக்கு வந்துவிடுகிறது, முந்திரியோடு. ஆயா திறந்து பார்க்கிறார், ஒன்றை எடுத்துக் கடிக்கிறார், திருப்தி. மூடியைத் திருப்புகிறார். மூடியில் வேறு யாரோ ஒருவர் பெயர் வெட்டியிருக்கிறது.

இந்தக் கடைசித் துண்டு, பெயர்கள் ஓடி முடிந்த பிறகு, 20 நொடிக்கு மேல் வேண்டாம்.

எல்லாவற்றையும் முழுசாக அசைப்பதற்கு முன் அனிமேட்டிக் செய்துவிடுங்கள். ஷாட்டுக்கு ஒரு கோட்டுப் படம், பதிவு செய்த குரல், தற்காலிகச் சத்தம், அவ்வளவுதான். சராசரி மூன்று நொடி ஒரு ஷாட் என்றால் எட்டு நிமிஷத்துக்கு 160 படம், ஒரு வாரத்தில் முடியும். அதைச் சினிமாவே பார்க்காத ஒருத்தருக்கும், முதல் நாள் முதல் காட்சிக்குப் போகிற ஒருத்தருக்கும் தனித்தனியாகப் போட்டுக் காட்டுங்கள். முதலாமவர் ஸ்டாண்டுக்கும் மூடிக்கும் சிரிக்க வேண்டும், இரண்டாமவர் இவற்றோடு ஷூ ஷாட்டுக்கும் சொல்தா தாத்தாவுக்கும் சிரிக்க வேண்டும். சினிமா தெரிந்தவர் மட்டும் சிரிக்கும் இடங்கள் அடுத்தடுத்து மூன்று வந்தால் நடுவில் உள்ளதை வெட்டுங்கள். இருவருமே சிரிக்காத இடத்தில் பெரும்பாலும் யாரோ ஒரு பாத்திரம் தான் காமெடி செய்கிறோம் என்று தெரிந்துகொண்டு பேசியிருக்கும். அந்தக் குரலை மட்டும் திரும்பப் பதிவு செய்யுங்கள், இந்தத் தடவை நிஜமாகவே தூக்கு தொலைந்துவிட்டது என்று சொல்லி.